உப்பு ஒத்துப்போகக் கூடாது

அக்காவோடு தெருவில் நடப்பது ஒரு தண்டனை. பாதி தூரம் நான் ஓட வேண்டியிருக்கும். அவர் முன்னால் போய்விடுவார். பக்கத்தில் நான் இல்லை என்று தெரிந்ததும் திரும்பி வந்து, என் மணிக்கட்டைப் பிடித்து இழுத்துக்கொண்டு மறுபடியும் முன்னால் போவார். விழுப்புரம் ரோட்டு சிக்னலில் சிவப்பு விழுந்துவிட்டால் அவருக்கென்றே யாரோ துரோகம் செய்துவிட்டது போல முகம் சுருங்கிவிடும். "எவனோ எங்கயோ உக்காந்துகினு நம்மள நிக்க வெக்கிறான் பாரு" என்பார்.

அவர் பெயரை எழுதப்போவதில்லை. எழுதினால், "யாரக் கேட்டுடி எழுதின?" என்று வாசலில் வந்து நிற்பார். நிற்பார் என்றுதான் சொல்கிறேன். உட்கார மாட்டார்.

நான் அவருக்கு நேர் எதிர். அப்போது நேரு வீதியில் ஒரு சேலைக் கடையில் வேலை பார்த்தேன். அலமாரியையே காலி செய்து பிரித்துப் போடச் சொல்லிவிட்டு, "வேற டிசைன் இல்லியா?" என்று கேட்பவர்களிடம் சிரித்துச் சிரித்தே பொறுமை பழகியவள். ஒன்பதாவதோடு படிப்பு நின்றுபோனது. பத்தாவது பாஸ் செய்தால் பில் போடும் மேஜைக்கு மாற்றுகிறேன் என்று முதலாளி சொல்லியிருந்தார். அதற்காக ரெட்டியார்பாளையத்தில், ஒரு கிரில் பட்டறைக்கு மேல்மாடியில், தனித்தேர்வர்களுக்கு நடந்த மாலை வகுப்பில் சேர்ந்தேன். அக்காவை அங்கேதான் பார்த்தேன். கீழே இரும்பு அறுக்கிற சத்தம், மேலே அக்கா. இரண்டுக்கும் நடுவில் எங்களுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுத்தது ஒரு சின்ன வயது சார். படித்து முடித்துவிட்டு வேலைக்குக் காத்திருந்த பையன். அக்காவைவிடப் பத்து வயதாவது இளையவன். அவனை 'சார்' என்று கூப்பிட வேண்டும் என்று அவருக்குத் தெரியும். வாயில் 'தம்பி' என்றுதான் வரும். கடைசியில் 'தம்பி சார்' என்று ஆகிவிட்டது.

"உக்காருங்கக்கா" என்பார் சார்.

"உக்காந்தா மண்டையில ஏறாது தம்பி சார். நீங்க போடுங்க."

ஜன்னல் ஓரமாக நின்றுகொண்டே, ஜன்னல் கட்டையில் நோட்டை வைத்து எழுதுவார். சார் ஒரு வரி எழுதி முடிப்பதற்குள் அடுத்த வரியை இவர் சொல்லிவிடுவார். சரியாக இருந்தாலும் தப்பாக இருந்தாலும் அதே வேகம்தான்.

குருசுக்குப்பத்தில் ஒரு பால்வாடியில் அக்காவுக்கு வேலை. சமையல், பெருக்கல், கழுவல், அழுகிற பிள்ளையைத் தூக்கிக்கொண்டு நடத்தல் எல்லாம் அவர் பொறுப்பு. பால்வாடியில் இந்த வேலை பார்ப்பவர்களை ஆயா என்பார்கள். நரைமுடி ஒன்றுகூட இல்லாத அக்காவை அந்தக் குப்பத்துப் பிள்ளைகள் எல்லாம் ஆயா, ஆயா என்று சேலையைப் பிடித்து இழுக்கும். வீடு தவளக்குப்பத்துக்கும் அப்பால். ஊருக்கு வடக்கே வேலை, மேற்கே வகுப்பு, தெற்கே வீடு என்று தினமும் புதுச்சேரியை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டுத்தான் படுப்பார். வீட்டுக்காரர் பழைய மில் தொழிலாளி. மில் மூடிய பிறகு லோடு ஆட்டோ ஓட்டிக்கொண்டிருந்தார். "அவரு ஓட்டுற வண்டிய விட நான் வேகமா நடப்பேன்" என்று அக்கா சொல்வது பாதி கேலி, பாதி நிஜம்.

அவருக்கு வேண்டியது ஒன்றே ஒன்றுதான். அந்தப் பால்வாடி டீச்சருக்கு அந்த வருஷக் கடைசியில் ஓய்வு. பத்தாவது முடித்த ஆயாவாக இருந்தால் டீச்சர் இடத்துக்கு எடுத்துக்கொள்வார்களாம். இல்லையென்றால் வெளியிலிருந்து ஒருவர் வருவார். அக்கா மற்ற பாடங்களை எல்லாம் முன்பே தேறிவிட்டார். கணக்கில் மட்டும் ஒரு தடவை அல்ல, பல தடவை விழுந்திருந்தார். ஏன் விழுந்தார் என்பதில் ரகசியம் எதுவும் இல்லை. மூன்று மணி நேரப் பரீட்சையில் ஒரு மணி நேரத்துக்கு மேல் அவரால் உட்கார முடியாது. எழுதியதைத் திருப்பிக்கூடப் பார்க்காமல் பேப்பரைக் கொடுத்துவிட்டு வெளியே வந்துவிடுவார். "எழுதியாச்சுல்ல, இன்னாத்துக்கு அங்க குந்தினு இருக்கணும்?" என்று கேட்பார். அந்தத் தடவையும் விழுந்தால் வெளியிலிருந்து ஒருவர் வந்து நாற்காலியில் உட்காருவார், அக்கா அவருக்குத் தண்ணீர் எடுத்துக் கொடுக்க வேண்டும். இதைச் சொல்லும்போது மட்டும் அவர் குரல் இறங்கும்.

அவசரம் எப்போதும் கெட்டதில்லை. ஒருநாள் பால்வாடியிலிருந்து ஒரு குட்டிப்பையன் யாருக்கும் தெரியாமல் நழுவிக் கடல் பக்கம் போய்விட்டான். டீச்சர், "எங்க போனான், அங்க பாரு, இங்க பாரு" என்று கைகாட்டிக்கொண்டிருந்தபோதே அக்கா மணலில் ஓடிக்கொண்டிருந்தாராம். அலை காலைத் தொடுவதற்குள் தூக்கிவிட்டார். அந்தப் பையனின் அம்மா பிறகு ஒரு வஞ்சிர மீனோடு வந்தாள். இதை எனக்குச் சொன்னது டீச்சர்தான். அக்காவைக் கேட்டால், "போய்த் தூக்கினேன், வந்தேன்" என்பதோடு கதை முடிந்துவிடும்.

இன்னொரு நாள் அதே அவசரத்தில் பருப்பு சாதத்துக்கு உப்புப் போட்டுவிட்டு, வாசலில் அழுத பிள்ளையைத் தூக்கப் போய், திரும்பி வந்து மறுபடியும் உப்புப் போட்டிருக்கிறார். வாயில் வைத்துப் பார்க்கவில்லை. பிள்ளைகள் ஒரே நேரத்தில் நாக்கை நீட்டியதை வகுப்பில் நடித்துக் காட்டினார். நாங்கள் வயிறு வலிக்கச் சிரித்தோம். அவரும் சிரித்தார். சிரித்து முடிப்பதற்குள், "சரி, அடுத்த கணக்கு போடுங்க" என்றார்.

அந்த அடுத்த கணக்குதான் இணைகோடு. இரண்டு சமன்பாடு கொடுத்திருப்பார்கள், ஒன்றில் ஓர் எண்ணுக்குப் பதில் k இருக்கும். இரண்டு கோடுகளும் இணையாக இருக்க வேண்டுமென்றால் k என்ன என்று கேள்வி. சார் கரும்பலகையில் எழுதினார்: 4x + 2y = 5, 12x + ky = 11. விகிதம், கெழு, மாறிலி என்று ஒவ்வொரு வார்த்தையாக அவர் ஆரம்பிக்க, எங்கள் கண்கள் ஒவ்வொன்றாகச் செருக ஆரம்பித்தன.

"ஆறு" என்றார் அக்கா ஜன்னலிலிருந்து.

சார் திரும்பிப் பார்த்தார். "எப்படிக்கா?"

"நாலு படி அரிசிக்கு ரெண்டு படி பருப்பு. பன்னெண்டு படி போட்டா ஆறு படி பருப்பு. இதுல இன்னா கீது?"

சாருக்கு அது பிடித்துவிட்டது. x-க்கு முன்னால் இருப்பது அரிசி, y-க்கு முன்னால் இருப்பது பருப்பு, சமக்குறிக்கு அந்தப் பக்கம் இருப்பது உப்பு என்று எங்கள் எல்லாருக்கும் அதையே சொல்லிக்கொடுத்தார். அரிசியும் பருப்பும் இரண்டு குண்டானிலும் ஒரே விகிதத்தில் இருக்க வேண்டும். உப்பு மட்டும் அந்த விகிதத்தில் இருக்கக் கூடாது. அப்போதுதான் இரண்டும் இணை.

"உப்பும் ஒத்துப்போச்சுன்னா?" என்று சார் அக்காவையே கேட்டார்.

"ஒத்துப்போச்சுன்னா ரெண்டு குண்டானுலயும் ஒரே சோறுதான். ருசி ஒண்ணுதான, அப்பறம் எப்படி ரெண்டு கோடு?"

"அதான்! ஒரே கோடு. இணை இல்ல. அதனால கடைசியா உப்பு பாக்காம விடாதீங்க."

சொன்னதென்னவோ நன்றாகத்தான் சொன்னார் அக்கா. செய்வது வேறு. அரிசியும் பருப்பும் ஒத்துப்போனதும் விடையைக் கட்டம் கட்டிவிட்டு அடுத்ததற்குப் போய்விடுவார். மூன்றாவது விகிதத்தைப் பார்க்கவே மாட்டார். "உப்பு, அக்கா, உப்பு" என்று சார் கத்திக் கத்தித் தொண்டை கட்டிக்கொண்டார். "ரெண்டு ஒத்துப்போச்சுல்ல தம்பி சார், மூணாவது எங்க போவப் போவுது?" என்பார் அக்கா.

அடுத்த வாரம் வேறொரு தகராறு வந்தது. ஒரு கணக்கில் k இரண்டு இடத்தில் வந்தது. பெருக்கிப் பார்த்தால் k² = 9. அப்படியென்றால் k மூன்றாகவும் இருக்கலாம், மைனஸ் மூன்றாகவும் இருக்கலாம். அன்று போட்ட கணக்கில் இரண்டுமே சரி. நான் என் நோட்டில், இந்த மாதிரி வந்தால் ± போட வேண்டும் என்று அடிக்கோடிட்டு எழுதிவைத்துக்கொண்டேன். எனக்கு எதையும் மனப்பாடம் செய்துவிட்டால் நிம்மதி. அக்காவோ மைனஸை ஒரே கோடாக அடித்துவிட்டார்.

"மைனஸ் மூணு படி பருப்பு எப்படிப் போடறது? குண்டான்லேர்ந்து எடுக்கறதா?"

"அக்கா, இது பருப்பு இல்ல."

"நீங்கதான சார் போன வாரம் பருப்புன்னீங்க!"

வகுப்பே சிரித்தது. சார் மட்டும் சிரிக்கவில்லை. எங்கள் நோட்டுகளை வாங்கிப் பார்த்தார். பாதிப் பேர் மைனஸை அடித்திருந்தோம். அக்காவின் குண்டான் எங்கள் எல்லார் தலையிலும் ஏறிவிட்டிருந்தது. அன்றிலிருந்து பரீட்சை வரைக்கும் சார் பருப்பு என்ற வார்த்தையையே வகுப்பில் எடுக்கவில்லை. அக்கா மட்டும் விடவில்லை. மைனஸ் வரும்போதெல்லாம், கையில் இல்லாத பருப்பை எப்படிப் போடுவேன் என்று முணுமுணுத்துக்கொண்டே அடிப்பார்.

பரீட்சை நாளில் எங்கள் இரண்டு பேருக்கும் ஒரே அறை. கடற்கரைக்குப் பக்கத்துத் தெருவில் உயரமான கூரை வைத்த பழைய கட்டடம். அவர் எனக்கு இரண்டு வரிசை முன்னால், ஓரமாக. முதல் அரைமணி நேரம் அவர் பேனா ஓடுகிற ஓட்டத்தைப் பார்த்தே எனக்குப் படபடப்பு வந்துவிட்டது. கால் ஆடிக்கொண்டே இருந்தது. பெஞ்சும் கூடவே ஆடியது. பக்கத்தில் இருந்தவர் முறைத்தார்.

அந்தக் கணக்கு வந்திருந்தது. kx + 2y = k − 2, 8x + ky = k. இணையாக இருக்க k என்ன? நான் பெருக்கினேன், k² = 16 என்று வந்தது, ±4 என்று எழுதிக் கட்டம் கட்டினேன். உள்ளுக்குள் ஒரு சின்னப் பெருமைகூட வந்தது.

ஒரு மணி நேரம் ஆனதும் அக்கா எழுந்துவிட்டார். எனக்குத் தெரியும், எழுந்துவிடுவார் என்று தெரியும். மேற்பார்வைக்கு வந்திருந்த அம்மா கையை நீட்டிக்கொண்டு வந்தார். கத்தி உட்கார வைக்க முடியுமா? இருமினேன். அவர் திரும்பவில்லை. பேப்பரைக் கொடுக்கப் போனவர், கடைசியாக மேலே இருந்த பக்கத்தைப் பார்த்துக்கொண்டே நின்றார். அந்த அம்மா நீட்டிய கை நீட்டியபடியே இருந்தது.

"குடுக்கறீங்களா, இல்லியா?"

"இருங்கம்மா" என்றார் அக்கா. பிறகு உட்கார்ந்தார்.

அதன் பிறகு அவர் எழவே இல்லை. முதுகு மட்டும் தெரிந்தது. எழுதுவார், நிறுத்துவார், சுவரைப் பார்ப்பார், பக்கத்தைத் திருப்புவார். அவருடைய கால் ஆடுவது நின்றுபோனது எனக்குப் பயமாக இருந்தது. என் பேப்பரில் இருந்த வட்டத்தையும் தொடுகோட்டையும் விட்டுவிட்டு நான் அந்த முதுகையே பார்த்துக்கொண்டிருந்தேன். கடைசி மணி அடித்த பிறகுதான் இரண்டு பேரும் எழுந்தோம்.

வெளியே வந்ததும், "k எவ்வளவுடி போட்ட?" என்றார்.

"ப்ளஸ் ஆர் மைனஸ் நாலு."

அவர் முகம் வெளுத்துவிட்டது. "நான் மைனஸ் நாலு மட்டும் போட்டிருக்கேன்."

"மைனஸ் மட்டுமா? நீங்க மைனஸே போட மாட்டீங்களேக்கா!"

"நாலுதான் மொதல்ல போட்டேன். எழுந்துட்டேன். அப்பறம் கண்ணுல பட்டுச்சு. நாலு வெச்சா அரிசி நாலு, பருப்பு ரெண்டு, உப்பு ரெண்டு. அந்தப் பக்கம் எட்டு, நாலு, நாலு. எல்லாமே ரெண்டு பங்கு. உப்பும் ஒத்துப்போச்சு. ஒரே சோறாயிடுச்சுடி. அப்ப நாலு ஆவாது. மிச்சம் இருக்கறது மைனஸ்தான். வேற வழி இல்லாம அதப் போட்டுட்டேன். இல்லாத பருப்ப எழுதிட்டு வந்திருக்கேன்."

எனக்கு அப்போதும் புரியவில்லை. சார் ± என்றாரே என்று பிடிவாதமாக நின்றேன். வழியெல்லாம் சண்டை. கடற்கரைக் காற்றில் இரண்டு பெண்கள் மைனஸ் நாலு, ப்ளஸ் நாலு என்று கத்திக்கொண்டு போனதைப் பார்த்தவர்கள் நிச்சயம் ஏலச்சீட்டுத் தகராறு என்றுதான் நினைத்திருப்பார்கள்.

சாயங்காலம் வரை அவருக்குப் பொறுக்கவில்லை. வகுப்பு திறப்பதற்கு முன்பே படியில் நின்றோம். சார் வந்து, கேள்வித்தாளைப் படித்து, பலகையைத் துடைத்து, மெதுவாக முதல் வரியை எழுதினார். அவர் எப்போதும் மெதுவாகத்தான் எழுதுவார். இரண்டாவது வரிக்குள் அக்கா அறையை விட்டு இறங்கிப் போய்விட்டார். "நீயே கேட்டுச் சொல்லு, என்னால நிக்க முடியல" என்று படியிலிருந்து குரல் மட்டும் வந்தது.

சார் நாலை வைத்துப் பார்த்தார். மைனஸ் நாலை வைத்துப் பார்த்தார். சாக்பீஸைக் கீழே வைத்தார். "மைனஸ் நாலு மட்டும்தான். அக்கா சொன்னதுதான் சரி" என்றார். பிறகு, பாவம், என்னைப் பார்த்து, "நீங்களும் ஸ்டெப் எல்லாம் போட்டிருக்கீங்கல்ல, கொஞ்சம் மார்க்கு வரும்" என்றார்.

கீழே பட்டறையில் வெல்டிங் பொறி பறந்துகொண்டிருந்தது. அக்கா ஒரு பாதி முடிந்த கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்றார். "மைனஸ்தான்" என்றேன். அவர் என் தோளில் ஓங்கி ஓர் அடி அடித்தார். நிஜமாகவே வலித்தது.

ஆனாலும் ஒரு கணக்கை வைத்து பாஸ் ஆகிவிட முடியாதே. ரிசல்ட் வரும்வரை அவர் என்னைப் படுத்திய பாடு கொஞ்சமல்ல. மதியம் பால்வாடி முடிந்ததும் சேலைக் கடைக்கு வந்துவிடுவார். வாங்க மாட்டார், உட்காரவும் மாட்டார். தொங்கவிட்டிருக்கும் சேலைகளின் முந்தானையை ஒவ்வொன்றாகத் தொட்டுக்கொண்டே கடைக்குள் நடப்பார். "நீதான் பாத்துச் சொல்லணும். என் போன்ல தெரியாது" என்று தன் தேர்வு எண்ணைப் பலமுறை ஒப்பித்துவிட்டுப் போவார்.

ரிசல்ட் வந்த அன்று கடையில் கூட்டம். ட்ரயல் ரூம் பக்கம் ஒதுங்கி நின்று போனில் முதலில் என் எண்ணைப் போட்டேன். மற்ற எல்லாவற்றிலும் தேறியிருந்தேன். கணக்கில் இல்லை. பிறகு அக்கா எண்ணைப் போட்டேன். பாஸ்.

போன் அடித்தேன், எடுக்கவில்லை. சூப்பர்வைசரிடம் தலைவலி என்று சொல்லிவிட்டு இறங்கினேன். நேரு வீதியிலிருந்து குருசுக்குப்பம் வரை நான் நடந்தது நடையே இல்லை, ஓட்டம். வெயில், வண்டிகள், வாயில் தாகம். எனக்குப் போனது பற்றி ஒரு பக்கம் துக்கமாக இருந்தது. அவருக்கு வந்ததைச் சொல்ல வேண்டும் என்று இன்னொரு பக்கம் கால் பறந்தது. இரண்டையும் ஒரே நெஞ்சில் வைத்துக்கொண்டு ஓடுவது எவ்வளவு கஷ்டம் என்று அன்றுதான் தெரிந்தது.

பால்வாடியில் டீச்சர் இல்லை, மீட்டிங் போயிருந்தார். அக்கா அடுப்பிலிருந்து குண்டானை இறக்கிக்கொண்டிருந்தார். பிள்ளைகள் தட்டோடு வரிசையாக உட்கார்ந்திருந்தன.

"அக்கா, ரிசல்ட்டு..."

"வாய மூடு!" என்றார். நான் திகைத்துப் போனேன். "சொல்லாத. கொதிக்கக் கொதிக்க இருக்குது. நல்லதோ கெட்டதோ, கேட்டா என் கை ஆடும். புள்ளைங்க மேல ஊத்திடுவேன். சாப்ட்டு முடிக்கட்டும், அப்பறம் சொல்லு."

நான் வாசலில் நின்றேன். அவர் ஒவ்வொரு தட்டிலும் போட்டு, பரப்பி, விசிறினார். சின்னதுகளுக்குக் கையால் மசித்துக் கொடுத்தார். கடைசியில் ஒரு பெண் குழந்தை ஒவ்வொரு பருக்கையாக எடுத்து, பார்த்து, யோசித்துத் தின்றது. அதன் தலையைத் தடவிக்கொண்டு பக்கத்திலேயே இருந்தார். எனக்குத்தான் தாங்கவில்லை. உள்ளே போனேன், வெளியே வந்தேன், போனைப் பார்த்தேன், மறுபடி உள்ளே போனேன். "சீக்கிரம் தின்னேன்டி கண்ணு" என்று அந்தக் குழந்தையிடம் கெஞ்சியும் பார்த்தேன். அது என்னைப் பார்த்துவிட்டு இன்னும் மெதுவாக மென்றது.

தட்டுகள் கழுவியாகிவிட்டது. பிள்ளைகள் பாயில் படுத்தன. அக்கா கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு வந்து என் எதிரில் நின்றார்.

"இப்ப சொல்லு."

"பாஸ் அக்கா."

"கணக்குலயா?"

"கணக்குலதான்."

முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார். தோள் குலுங்கியது. சத்தமே வரவில்லை, பிள்ளைகள் தூங்குகின்றனவே. பிறகு முந்தானையை எடுத்துவிட்டு, "நீ?" என்றார்.

வழியெல்லாம் ஓடிவந்தவளுக்கு, அவர் இதைக் கேட்பார் என்று ஒரு தடவைகூடத் தோன்றவில்லை.

"போச்சுக்கா. கணக்கு மட்டும்."

கோபமாகப் பார்த்தார். "முழுசா மூணு மணி நேரம் உக்காந்திருந்தியேடி!" என்றார்.

அதற்குப் பிறகுதான் எனக்கு அழுகை வந்தது. அதுவரை வரவில்லை. அவர் குண்டானின் அடியில் இருந்ததைச் சுரண்டி ஒரு தட்டில் போட்டு என் கையில் கொடுத்தார். நான் அழுதுகொண்டே தின்றேன். அவருக்கு டீச்சராக உத்தரவு வந்தது மழைக்காலம் எல்லாம் முடிந்த பிறகு. அன்றைக்கு அந்தக் கவலை அவர் முகத்தில் இல்லை. என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அக்டோபரில் மறுபடி எழுதலாம் என்றார்கள். மறுநாள் மாலை, வேண்டா வெறுப்பாகக் கிரில் பட்டறைப் படியில் ஏறினேன். ஜன்னல் ஓரத்தில் அக்கா நின்றுகொண்டிருந்தார். கட்டையில் நோட்டை விரித்து வைத்திருந்தார்.

"உங்களுக்குத்தான் முடிஞ்சிடுச்சேக்கா, இங்க என்ன?" என்று சார் சிரித்தார்.

"எங்க முடிஞ்சிது? இவளுது அப்படியே நிக்குதே. எழுதுங்க தம்பி சார், நேரமாவுது."